தம்பி பேரில் சீவிய மரங்கள்

அவருக்கு இரண்டு பெயர்கள் இருந்தன. இரண்டையும் மாதா மாதம் செக்ரோலில், அதாவது தோட்டத்து ஆள் பேரேட்டில், நானே என் கையால் எழுதியிருக்கிறேன். இங்கே ஒன்றைக்கூட எழுதப்போவதில்லை. ஒன்றை எழுதினால் மற்றது கோபித்துக்கொள்ளும்.

முதலில் குரல். ஆளைப் பார்க்கும் முன்பே அவர் குரல்தான் எனக்குப் பழக்கமானது. மலாக்காவில், சிம்பாங் அம்பாட்டிலிருந்து செம்மண் சாலையில் உள்ளே போனால் எங்கள் ரப்பர் தோட்டம். விடியாத நேரத்தில் பெரட்டு. பெரட்டு என்றால் ஆளெண்ணும் சடங்கு. லயத்து வீடுகளின் ஆட்கள் எல்லாரும் வாளியும் கத்தியுமாகக் களத்தில் வந்து நிற்பார்கள், பனி நிற்கும், இருட்டு நிற்கும், நடுவில் ஒரு அரிக்கன் விளக்கோடு நான் நிற்பேன். ஆபீஸ் கணக்கெழுத வந்த புதுக் கிராணி. இருபத்திரண்டு வயது. பெயரைக் கூப்பிடுவேன், இருட்டு பதில் சொல்லும், ஒரு கோடு போடுவேன். அவ்வளவுதான் வேலை. அந்தக் கோட்டில்தான் ஒரு நாள் கூலி இருந்தது.

அவர் பெயரைக் கூப்பிட்டால் முன்வரிசையிலிருந்து வெண்கலப் பானையைத் தட்டின மாதிரி, "இருக்கேன் ஐயா!" என்று வரும். பத்துப் பெயர் கழித்து அவருடைய தம்பியின் பெயர். பின்னால் தண்ணீர்த் தொட்டிப் பக்கமிருந்து கரகரத்த இளங்குரல் ஒன்று சலிப்போடு, "வந்தாச்சு, வந்தாச்சு" என்னும். தூக்கம் கலையாத, கொஞ்சம் திமிர் பிடித்த குரல். எனக்கு அந்தத் தம்பியைப் பிடிக்காது. அண்ணனைப் பார், என்ன மரியாதை. இவனைப் பார், என்ன அலட்சியம். இப்படி நான் மூன்று மாதம் ஒரு இல்லாத ஆளை வெறுத்துக்கொண்டிருந்தேன்.

கொய்னாதான் காட்டிக்கொடுத்தது. மலேரியாக் காய்ச்சல் காலம். ஆளாளுக்கு ஒரு கோப்பை கொய்னாத் தண்ணீர், மருந்துக்காரர் கண்ணெதிரில் குடித்தாக வேண்டும் என்று துரை உத்தரவு. அவர் வந்தார், குடித்தார், முகத்தைச் சுளித்தார், போனார். வரிசையின் கடைசியில் துண்டைத் தலையிலும் மூக்கிலும் சுற்றிக்கொண்டு தம்பி வந்தான். துண்டை இறக்கினால்தானே குடிக்க முடியும்? இறக்கினான். கீழே அண்ணனின் மீசை. கோணல் கொம்பு மாதிரி இரண்டு பக்கமும் ஏறின அந்த மீசை தோட்டத்துக்கே ஒன்றுதான். என்னைப் பார்த்தார். ஒரு கண்ணைச் சிமிட்டினார். கோப்பையை ஒரே மடக்கில் கவிழ்த்துவிட்டு, கரகரத்த குரலில், "கசக்குதே லா!" என்றார்.

கொய்னா மிஞ்சினால் காது அடைக்கும். அன்று முழுக்க இரண்டு ஆள் கொய்னா அவர் காதில் வண்டாய்ச் சுற்றியிருக்க வேண்டும். சாயங்காலம் ஆபீசுக்கு வந்தபோது நான் மெதுவாகப் பேசியதெல்லாம் அவருக்குக் கேட்கவில்லை. அவர் கத்திச் சொன்ன ரகசியம் ரப்பர்ப் பால் ஸ்டோர் வரைக்கும் கேட்டது.

"தம்பி சிங்கப்பூர் ஓடிட்டான் ஐயா! நீங்க வர்றதுக்கு முன்னாடியே!"

"மெதுவா, அண்ணே."

"என்னது?"

கடல் தாண்டித் தமிழ்நாட்டு ஊரில் தங்கச்சி கல்யாணத்துக்காக மலாக்கா பட்டணத்தில் ஒரு செட்டியாரிடம் தம்பிதான் நோட்டு எழுதிக் கடன் வாங்கினான். ஆள் சேர்த்து வேலை வாங்கும் கங்காணி ஜாமீன். ஊரில் அம்மா இருக்கும் வீட்டுப் பத்திரம் செட்டியாரின் ஊர்க்கடையில். கல்யாணம் நடந்தது. கடனை நினைத்து நினைத்துப் பயந்து, ஒரு நாள் தம்பி பெட்டியைத் தூக்கிக்கொண்டு போய்விட்டான். செக்ரோலில் அவன் பெயர் இருந்து, மாதத் தவணை போய்க்கொண்டிருந்தால் செட்டியார் பேசமாட்டார். பெயர் விழுந்த அன்றைக்கு மொத்தப் பணத்தையும் கேட்பார், கங்காணி கைவிரிப்பார், ஊரில் அம்மா தெருவுக்கு வருவாள். அதனால் பெயர் விழக்கூடாது. அதனால் இவர் இரண்டு பேர். கங்காணிக்கும் இது தோதுதான். ஆள் ஒன்றுக்கு நாள் ஒன்றுக்குத் தலைக்காசு அவருக்கு உண்டு.

"பொய்க் கூலி இல்ல ஐயா. சீவுன பாலுக்குத்தான் காசு. பேருதான் பொய்," என்றார். பிறகு என் முகத்தைப் பார்த்து, குரலை உண்மையாகவே தாழ்த்தி, "அதுவே பெரிய பொய்தான். தெரியும்," என்றார்.

தெரிந்துதான் செய்தார். மறுநாள் விளக்கைக் கொஞ்சம் உயர்த்திப் பிடித்துப் பார்த்தேன். தம்பி பெயருக்கு "வந்தாச்சு" சொன்ன கையோடு மாரியம்மன் கோயில் திக்குப் பார்த்துப் பட்பட்டென்று கன்னத்தில் போட்டுக்கொண்டார். தினமும். ஒரு பொய்க்கு இரண்டு போடு. பக்கத்தில் நின்றவர்கள் சிரிப்பை அடக்கிக்கொண்டு தரையைப் பார்த்தார்கள். தோட்டம் முழுவதற்கும் தெரிந்திருக்கிறது. துரைக்கும் எனக்கும் மட்டும்தான் தெரியாமல் இருந்தது. இப்போது துரைக்கு மட்டும்.

நான் கோடு போட்டேன். ஏன் போட்டேன் என்று இருபது வருடமாகக் கேட்டுக்கொண்டிருக்கிறேன். என் ஊர் பாச்சாங்கில் என் சம்பளத்தைப் பார்த்துக்கொண்டு ஒரு வீடு இருந்தது. மாட்டினால் என் வேலைதான் முதலில் போகும். நியாயப்படி பயந்திருக்க வேண்டும். ஆனால் அந்த மனிதர் கண்ணைச் சிமிட்டிவிட்டாரே! கண் சிமிட்டிக் கேட்பவரிடம் இல்லை என்று சொல்ல எனக்கு யாரும் சொல்லித்தரவில்லை.

அந்தத் தம்பி, அந்த இல்லாத தம்பி, தோட்டத்தில் எவ்வளவு உயிரோடு இருந்தான்! தீபாவளிக்கு ஆட்டுக்கறிப் பங்கு வாங்கினான். புல் வெட்ட வராததற்கு ஒரு முறை தண்டம் கட்டினான். தோட்டத்தின் தூரத்து இரண்டாம் டிவிசனிலிருந்து, விஷயம் தெரியாத ஒரு அம்மாள், நல்ல சம்பளக்காரன், குடிக்கிறதில்லை, வம்பு தும்பு இல்லை என்று கேள்விப்பட்டுத் தன் மகளுக்கு அவனைக் கேட்டு வெற்றிலையோடு வந்துவிட்டாள். அவருடைய மனைவி அஞ்சலை அந்த அம்மாளை உட்காரவைத்துக் காப்பி கொடுத்து, "எங்க கொழுந்தனாருக்கு என்ன குறை, ஒரே ஒரு குறைதான்... கண்ணுக்குத் தெரியமாட்டாரு," என்று சொன்னதாகக் கதை. தம்பி பேருக்குத் தோட்டத்தில் அளக்கும் அரிசியை மட்டும் அஞ்சலை உலையில் போடமாட்டாள். "உழைச்சதுக்குக் காசு சரி. சாப்பிடாத வாய்க்கு எதுக்கு அரிசி?" அது அப்படியே பிள்ளை பார்க்கும் ஆயாக் கொட்டகைக்குப் போகும்.

இனி மரங்கள். மரம் சீவுவதில் ஒரு சூட்சுமம்: குளிர்ச்சியில் சீவினால் பால் ஓடும், வெயில் ஏற ஏறப் பால் சுருங்கும். இரண்டு ஆள் நிரையை, அதாவது மர வரிசைகளை, ஒருவர் சீவினால் ஏதோ ஒன்றுதான் குளிர்ச்சியில் கிடைக்கும். அவர் தம்பி நிரையில்தான் முதலில் இறங்குவார். நெற்றியில் விளக்கைக் கட்டிக்கொண்டு, பட்டைக்கு வலிக்காமல், மரத்தோடு பேசிக்கொண்டே சீவுவார். பிறகு தன் நிரைக்கு ஓடுவார். அதற்குள் சூரியன் வந்துவிடும். அஞ்சலை தன் நிரையை முடித்துவிட்டு வந்து பாலெடுக்க உதவுவாள், திட்டிக்கொண்டே.

"உங்க மரத்தை முதல்ல சீவுனா என்ன? தம்பி என்ன பார்க்கவா போறான்?"

"அடுத்தவன் பேருடி அது. என் பேரைக் கெடுக்க எனக்கு உரிமை இருக்கு. அவன் பேரைக் கெடுக்க இல்ல."

சின்ன வயதில் தட்டில் தம்பிக்கு முதலில் வைத்துப் பழகிய கை, வேறு எப்படிப் போகும்?

அதில்தான் வந்தது வினை.

ரப்பர் விலை விழுந்தது. விழுந்தது என்றால் மாடியிலிருந்து விழுவது போல அல்ல. கிணற்றில் விழுவது போல, விழுந்துகொண்டே இருந்தது. கூலியைக் குறைத்தார்கள், இன்னும் குறைத்தார்கள், கடைசியில் ஆட்களையே குறைத்து ஊருக்குக் கப்பலேற்றத் தொடங்கினார்கள். புதிதாக ஒரு துரை வந்திருந்தார். நெட்டையானவர், வெயிலில் உரிந்த மூக்கு, புத்தகத்தில் படித்த தமிழ். ஒவ்வொரு பெயருக்கும் எவ்வளவு பால் என்று புத்தகத்தைப் பார்த்து, குறைந்த பெயர்களின் மேல் சிவப்புப் பென்சிலை இழுத்தார். ஒரு குடும்பத்தில் இரண்டு சகோதரர்கள் என்றால் நன்றாகச் சீவுபவன் இருக்கட்டும், மற்றவன் போகட்டும் என்றார்.

தம்பி இருக்கட்டும் என்றார்.

பட்டியலைப் பெரட்டில் நான்தான் வாசித்தேன். அவர் பெயரையும் வாசித்தேன். பிறகு முன்வரிசையிலிருந்து ஒரு சிரிப்பு கிளம்பியது. வாளியைக் கீழே வைத்தார், அதன் மேலேயே உட்கார்ந்தார், வயிற்றைப் பிடித்துக்கொண்டார்.

"தோத்துட்டேன் ஐயா! எந்தம்பிகிட்ட நானே தோத்துட்டேன்!"

களம் சிரித்தது. சீட்டுக் கிழிந்தவர்கள்கூடச் சிரித்தார்கள். அஞ்சலை மட்டும் சிரிக்கவில்லை. புருசன் பெயர் விழுந்தால் பெண்டாட்டி பிள்ளைகள் பெயரும் கூடவே விழும். அவளும் இரண்டு குழந்தைகளும் கப்பல் பட்டியலில் இருந்தார்கள். இவர் தம்பியாகத் தோட்டத்தில் நின்றால் குடும்பம் கடல் தாண்டிப் போகும். குடும்பத்தோடு கப்பலேறினால் தம்பி பெயரும் விழும், கடன் பாக்கி நிற்கும், இவர்கள் போய் இறங்கும்போது இறங்க வீடு இருக்காது. துரையிடம் உண்மையைச் சொன்னால் இரண்டு பெயரும் போகும், கங்காணியும் போவார், நானும்.

அன்று ஆபீசுக்குப் பின்னால் நாங்கள் நாலு பேர்: அவர், அஞ்சலை, கங்காணி, நான். லாரி வர ஐந்து நாள் இருந்தது. கங்காணி தலைப்பாகையைக் கழற்றிக் கழற்றிக் கட்டினார். அஞ்சலைதான் கேட்டாள்.

"ஐயா, செக்ரோல்ல எங்க கொழுந்தனாருக்குக் கல்யாணம் ஆயிடுச்சா?"

"இல்லையே."

"அப்ப நான் கட்டிக்கிறேன்."

கங்காணியின் தலைப்பாகை அவிழ்ந்து கீழே விழுந்தது.

"மூத்தவரு ஓடிட்டாருன்னு எழுதுங்க. நான் அம்போன்னு நிக்கிறேன். கொழுந்தனாரு வாழ்வு குடுக்குறாரு. முடிஞ்சுது."

"அடியே, நான்தானடி மூத்தவன்," என்றார் அவர் பரிதாபமாக.

"நீங்கதான் ஓடிட்டீங்களே."

துரையிடம் நான்தான் போய்ச் சொன்னேன். அவர் உரிந்த மூக்கைத் தடவியபடி, "உங்கள் ஆட்களில் இப்படி வழக்கம் உண்டா?" என்றார். உண்டு என்றேன். செக்ரோலில் அவர் பெயருக்கு எதிரே, 'ஓடிப்போனான்' என்று எழுதினேன். ஓடினவன் பெயருக்குத் தினமும் கோடு; ஓடாமல் நின்ற மனிதருக்கு இந்த ஒரு வார்த்தை. என் வாழ்க்கையில் எவ்வளவோ எழுதியிருக்கிறேன், மை அவ்வளவு கனத்ததில்லை.

துரை இன்னொன்றும் சொன்னார். தமிழர் கல்யாணம் ஒன்றும் தான் பார்த்ததில்லை, வருகிறேன் என்றார்.

ஆக, நிஜமாகவே கல்யாணம் செய்ய வேண்டியதாயிற்று!

அந்த விலை விழுந்த வருடத்தில், அரை வயிற்றுத் தோட்டத்தில், அப்படி ஒரு கல்யாணம் நடக்குமென்று யார் நினைத்தார்கள்? தென்னங்கீற்றுப் பந்தல். பட்டணத்திலிருந்து சொந்தக்காரன் ஒருவன் ஓசிக்கு ஊத வந்த நாயனம், கூடவே ஒரு மேளம். கிழவிகள் இரண்டு கட்சியாகப் பிரிந்தார்கள். மாப்பிள்ளை வீட்டுக் கட்சி, பெண் வீட்டுக் கட்சி. சீர் போதாது என்று மெய்யாகவே சண்டை போட்டார்கள். மீசையை எடுக்க வேண்டும், தம்பிக்கு மீசை கிடையாது என்று கங்காணி சொன்னபோதுதான் அவர் கண் கலங்கியதைப் பார்த்தேன். பத்து வருட மீசை. எடுத்துவிட்டு வெளியே வந்தவரைப் பார்த்து அவருடைய சின்ன மகளே வீறிட்டு அழுதாள். பெரியவள் மணப்பெண் தோழியாக விளக்குப் பிடித்துக்கொண்டு, "அப்பாவுக்குக் கல்யாணம்" என்று பார்க்கிறவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தாள். "சித்தப்பான்னு சொல்லுடி" என்று ஆயிரம் பேர் அவள் வாயைப் பொத்தினார்கள்.

பழைய தாலியைக் கழற்றிவிடு, துரை பார்ப்பார் என்று யாரோ சொன்னதற்கு அஞ்சலை திரும்பிப் பார்த்த பார்வையில் அந்த யாரோ பந்தலை விட்டே போனார். முந்தானைக்குள் அது இருந்தது. அதன் மேல் மஞ்சள் கயிற்றில் ஒரு மஞ்சள் கிழங்கு, இரண்டாவது தாலியாக.

துரை தொப்பியை மடியில் வைத்துக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். எல்லாம் சரியாகப் போனது, பூசாரி குனிந்து, "மாப்பிள்ளை, அம்மன் சந்நிதியில உம்ம பேரைச் சொல்லும்," என்று கேட்கும் வரை.

அவர் அம்மனைப் பார்த்தார். அஞ்சலையைப் பார்த்தார். பெரட்டில் இரண்டு பேருக்குப் பதில் சொன்ன மனிதர், அங்கே ஒருவருக்கு மட்டும்தான் சொன்னார். வெண்கலக் குரலில், பந்தலுக்கே கேட்கும்படி, தன் சொந்தப் பெயரை.

"கெட்டிமேளம்! கெட்டிமேளம்!" என்று கங்காணி அலறினார். மேளக்காரன் தாலி எடுக்குமுன்பே அடித்துத் தீர்த்தான். நான் துரைக்கும் மாப்பிள்ளைக்கும் நடுவே அட்சதை வீசினேன், கையில் இருந்ததையெல்லாம், துரையின் தொப்பி நிறைய.

சாப்பாடு முடிந்ததும் மொய் எழுதினார்கள். அது யாரும் திட்டமிட்டதல்ல. கல்யாணமென்றால் மொய் உண்டு, கை தானாக முடிச்சை அவிழ்க்கிறது. பாதிக் கூலிக்காரர்கள் வைத்தார்கள். மறுநாள் கப்பலேறப்போகிறவர்கள் வைத்தார்கள். ஆயாக் கொட்டகைக் கிழவி, "தம்பி அரிசிக்கு" என்று சொல்லி வைத்தாள். துரை ஒரு முழு நோட்டு வைத்தார். மொய்ப் பணத்தில் கடன் அடைந்து, அதற்கடுத்த வாரமே செட்டியாரிடமிருந்து கடன் நோட்டு கிழிந்து திரும்பியது. ஊரில் அம்மா வீட்டிலேயே இருந்தாள்.

இதோடு நிறுத்தலாம். ஆனால் தம்பி வந்துவிட்டானே.

ஒன்றரை வருடம் கழித்து, விலை கொஞ்சம் தலை தூக்கித் தோட்டம் மறுபடி ஆள் தேடிய நேரம். சிங்கப்பூர்த் துறைமுகத்தில் மூட்டை தூக்கி, வற்றி, தாடையில் எலும்பும் உதட்டுக்கு மேல் அடர்ந்த மீசையுமாகச் செம்மண் சாலையில் நடந்து வந்துகொண்டிருந்தான். வழியில் கங்காணியோடு துரை. "யார் இது? முகம் தெரிந்த மாதிரி இருக்கிறதே," என்றார். கங்காணிக்கு வாய் குழறிவிட்டது.

"அண்ணன், தொரை! ஓடிப்போன அண்ணன்!"

துரை வெளுத்துப் போனார். ஓடிப்போனவன் திரும்பி வந்திருக்கிறான். வீட்டில் அவன் பெண்டாட்டி தம்பிக்கு மனைவி. வெட்டு குத்து நிச்சயம் என்று நினைத்துவிட்டார். சாயங்காலம் இரண்டு பேரையும் ஆபீஸ் முன்னால் கூப்பிட்டார். முதல் காரியமாக அவரிடமிருந்த சீவும் கத்தியை வாங்கிக்கொண்டார். வந்தவனுக்குக் கத்தி இல்லை; என்றாலும் நியாயமாக இருக்கட்டும் என்று ஸ்டோரிலிருந்து அவன் பேருக்கும் ஒன்று எடுத்துவரச் சொல்லித் தன் கையிலேயே வைத்துக்கொண்டார்.

அண்ணனும் தம்பியும் அப்போதுதான் ஒருவரையொருவர் பார்க்கிறார்கள். மீசையில்லாத அண்ணன். மீசை வைத்த தம்பி. தோட்டமே சுற்றி நின்றது.

துரை மீசைக்காரனிடம் போனார். மிக மெதுவாக, புத்தகத் தமிழில், "நீ இல்லாதபோது உன் குடும்பத்தை இவன் தாங்கினான். நீ இவனை மன்னிப்பாயா?" என்று கேட்டார்.

தம்பி தலையைக் குனிந்தான். அவன் எதைச் சொல்வான்?

"மன்னிச்சாச்சு தொரை," என்றார் பக்கத்தில் நின்ற அவர்.

"நீ பேசாதே. அவன் சொல்ல வேண்டும்."

"அவனுக்கு வராது தொரை. நான் எப்பவோ மன்னிச்சுட்டேன்."

தம்பி அப்படியே மடங்கி அவர் காலில் விழுந்தான். காலைக் கட்டிக்கொண்டு, சின்னப் பையன் அழுவது போல, மூக்கும் வாயுமாக அழுதான். அவர் குனிந்து அவன் தலையில் ஒரு குட்டு வைத்தார், நல்ல வலிக்கும் குட்டு, பிறகு அதே இடத்தைத் தடவினார்.

துரை என்னைத் திரும்பிப் பார்த்தார். "அண்ணன் எதற்காகத் தம்பி காலில் விழுகிறான்?"

எனக்கு ஒரு பொய்யும் வரவில்லை. எத்தனையோ பொய்யை அந்தத் தோட்டத்துக்காகச் சுமந்தவன், வெறும் ஆளாக நின்றேன். அஞ்சலைதான் கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தாள், மாவு அப்பிய கையோடு.

"மூத்தவரு கால்ல எளையவரு விழுறாரு தொரை. இதுல கேக்குறதுக்கு என்ன இருக்கு?"

துரை மீசையைப் பார்த்தார். மீசையில்லாத முகத்தைப் பார்த்தார். அவள் கழுத்தில் முந்தானை விலகித் தெரிந்த இரண்டு தாலிகளையும் பார்த்தார். கடைசியாக என்னை, மிக நீளமாக. அந்தப் பார்வை முடிவதற்குள் எனக்கு வேலை போய், பாச்சாங்கில் அடுப்பு அணைந்து, எல்லாம் நடந்து முடிந்திருந்தது.

உரிந்த மூக்கைத் தடவினார். கையிலிருந்த இரண்டு கத்திகளில் பழையதை எடுத்து, முதலில் மீசையில்லாதவரிடம் நீட்டினார்.

"பெரியவனுக்கு முதலில்," என்றார்.